யாராண்ட காட்டப் போற?

ஜவ்வாது மலையில், ஜமுனாமரத்தூர் போகிற வழியில் வண்டியை ஓரங்கட்டிவிட்டுக் கொஞ்ச தூரம் நடந்தபோது ஒரு கறையான் புற்றைப் பார்த்தேன். இடுப்பளவு உயரம். ஒரு பக்கம் முழுக்கப் பிய்த்துப் போட்டிருந்தது. உள்ளே பொந்து பொந்தாக இருந்த மண் வெளியே சிதறிக் கிடக்க, அதன் மேல் கறையான்கள் வீடிழந்து அலைந்துகொண்டிருந்தன. விளிம்பில் நகம் இறங்கிய கோடுகள், பக்கம் பக்கமாக. கரடி வேலை. கரடி முதலில் புற்றில் வாயை வைத்து மண்ணை ஊதித் தள்ளும்; பிறகு கறையானை உறிஞ்சும். ராத்திரியில் அந்தச் சத்தம் வெகுதூரம் கேட்கும். நான் போனதோ காலை பத்து மணிக்கு. அது எந்தப் பாறை இடுக்கில் தூங்கிக்கொண்டிருந்ததோ.

போனை எடுத்து நாற்பது விநாடி வீடியோ பிடித்தேன். மாடு ஓட்டி வந்த பெரியவர் ஒருவர் கொஞ்ச நேரம் நின்று பார்த்தார். புற்றைவிட என்னைத்தான் அதிகம் பார்த்தார்.

"இத்தப் புடிச்சிகினு போயி யாராண்ட காட்டப் போற தம்பி?"

வாட்ஸ்அப்பில் ஸ்டேட்டஸ் வைப்பேன் என்று சொல்லலாம். வெட்கமாக இருந்தது. சும்மா சிரித்து வைத்தேன்.

காட்டைப் படம் பிடிக்கிற எல்லோரிடமும் கேட்க வேண்டிய கேள்வி அது. பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை. சென்னைக்காரர் ஒருவர் தன்னைத்தானே அதைக் கேட்டுக்கொண்டார். பதில் கிடைக்க அவருக்குப் பதினைந்து வருஷம் பிடித்தது. கிடைத்த பதில் 12 நிமிடம் ஓடுகிற ஒரு படமாக வந்தது. அந்தப் படம் பிறந்த கதை இது.

படம் ஜவ்வாது மலையைப் பற்றியது என்று நினைத்துவிட வேண்டாம். இந்த மலையைக் கேமரா அவ்வளவாகச் சீண்டியதில்லை. திருவண்ணாமலை, வேலூர், திருப்பத்தூர் என்று மூன்று மாவட்டங்களில் கிடக்கும் கிழக்குத் தொடர்ச்சி மலை. மலையாளிப் பழங்குடி மக்கள் சாமை விதைக்கிறார்கள். புளி, தேன், கடுக்காய் இறக்குகிறார்கள். சந்தன மரம் ஒரு காலத்தில் இங்கே செழித்து, பிறகு திருட்டு வெட்டில் கரைந்தது. வெளியூர்க்காரர்களுக்கு இந்த மலை தெரிவது காவலூர் வானாய்வகத்தால்தான். அங்குள்ள 93 அங்குலத் தொலைநோக்கியை 1986 ஜனவரியில் ராஜீவ் காந்தி திறந்துவைத்தார். அண்ணாந்து பார்க்க இவ்வளவு பெரிய கண்ணாடியை வைத்திருக்கும் மலையைக் குனிந்து பார்க்க ஒரு நல்ல படம் இல்லை. 1980-களில் ஓசூர்ப் பக்கத்துக் காடுகளிலிருந்து யானைகள் கிளம்பி, பல தலைமுறையாக யானையே பார்த்திராத கிழக்கு மலைகளுக்கும் சித்தூர்ப் பக்கத்துக்கும் வந்து சேர்ந்தன. எவ்வளவு பெரிய கதை! அந்த நடையை யாராவது கூடவே போய் எடுத்திருந்தால் என்று ஏங்காமல் இருக்க முடியவில்லை.

சரி, கதைக்கு வருகிறேன். அது கிண்டியில் தொடங்குகிறது.

ரோமுலஸ் விட்டேக்கர் 1972-ல் கிண்டியில் பாம்புப் பண்ணையை நிலைநிறுத்தினார். சென்னையில் வளர்ந்தவர்களுக்கு அது பள்ளிச் சுற்றுலா: கண்ணாடிக் கூண்டில் மலைப்பாம்பு, மைக்கில் விளக்கம், வெளியே வந்தால் ஐஸ். சேகர் தத்தாத்ரி என்ற பையனுக்கு மட்டும் அது சுற்றுலாவோடு முடியவில்லை. 13 வயதில் அங்கே தொண்டராகச் சேர்ந்துவிட்டான். பள்ளிக்கூடத்தில் கற்றதைவிட அங்கே வந்துபோன, பாம்பு பிடிக்கும் இருளர்களிடம் கற்றது அதிகமாக இருந்திருக்கும். வரப்பு ஓரத்து வளையைப் பார்த்த மாத்திரத்தில் உள்ளே இருப்பது எலியா பாம்பா, போய் எவ்வளவு நேரமாயிற்று என்று சொல்லிவிடுகிறவர்கள் அவர்கள்.

அப்புறம் சேகரின் கைக்கு ஸ்டில் கேமரா வந்தது. 1980-களின் நடுவில் ஜான், லூயிஸ் ரைபர் என்ற அமெரிக்கத் தம்பதி, பாம்புக்கடி பற்றிய படம் ஒன்றை விட்டேக்கரோடு சேர்ந்து எடுக்க வந்தார்கள். சேகர் அதில் உதவியாள். சினிமாப் பள்ளி எதிலும் படிக்காத அவர் இந்தத் தொழிலைக் கற்றது இப்படித்தான்: பெட்டி தூக்கி, ஃபிலிம் மாற்றி, பக்கத்தில் நின்று பார்த்து.

அடுத்த படம் இருளர்களைப் பற்றியே அமைந்தது. 1972-ல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. பின்னாலேயே பாம்புத்தோல் ஏற்றுமதிக்கும் தடை வந்தது. தோலுக்காகப் பாம்பு பிடித்து வயிறு கழுவிய இருளர்கள் ஒரே நாளில் குற்றவாளிகளானார்கள். அதற்கு மாற்றாக 1978-ல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பதிவானது. வடநெம்மேலி முதலைப் பண்ணைக்குள் இன்றும் போய்ப் பார்க்கலாம். வரிசையாக மண்பானைகள், வாயில் துணி கட்டியிருக்கும், ஒவ்வொன்றிலும் ஒரு பாம்பு. நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன். சில வாரம் வைத்திருந்து, நான்கு தடவை விஷம் எடுத்து, வயிற்றுச் செதிலில் அடையாளம் வெட்டி, மறுபடி காட்டில் விட்டுவிடுவார்கள். இதைப் பற்றிய படம் 1987-ல் வந்து தேசிய விருதும் வாங்கியது. சங்கத்தைச் சேர்ந்த வடிவேல் கோபாலும் மாசி சடையனும் பத்மஸ்ரீ வாங்க 2023 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. கேமராவுக்கு விருது முந்தியும் கைக்குப் பிந்தியும் வருவது நம் ஊர் வழக்கம்.

பிறகு சைலன்ட் வேலி. பாலக்காட்டுக்கு மேலே, குந்திப்புழா ஓடும் மழைக்காடு. சேகர் அதில் உட்கார்ந்து எடுத்த படம் 1991-ல் வந்தது. அப்போதெல்லாம் 16 எம்எம் ஃபிலிம். 400 அடிச் சுருள் ஒன்று சுமார் பதினோரு நிமிடம்தான் ஓடும். நூறடி உயரத்தில் சிங்கவால் குரங்கு ஒன்று பழத்தை எடுத்து வாய்க்குக் கொண்டுபோகிற நேரத்தில் சுருள் தீர்ந்தால் தீர்ந்ததுதான். மழை, அட்டை, லென்ஸில் பூஞ்சை. எடுத்தது சரியா என்று அங்கேயே பார்க்கவும் முடியாது; லேபில் கழுவி வந்தால்தான் தெரியும். எல்லாம் தாண்டி வந்த அந்தப் படம் அவருக்கு வெளிநாட்டுக் கதவுகளைத் திறந்துவிட்டது.

ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். சைலன்ட் வேலியில் அணை கட்டும் திட்டம் 1983-லேயே கைவிடப்பட்டது. 1984-ல் அது தேசியப் பூங்காவாகிவிட்டது. படம் வந்தது அதற்கெல்லாம் அப்புறம். பிழைத்து எழுந்த பிள்ளைக்குப் பாடிய தாலாட்டு அது. அழகான தாலாட்டு, சந்தேகமில்லை. காய்ச்சல் அடித்தபோது மருந்து கொடுத்தவர்கள் வேறு ஆட்கள்: ஆசிரியர்கள், கவிஞர்கள், விஞ்ஞானிகள்.

அடுத்த பத்து வருஷம் சேகர் நேஷனல் ஜியாக்ரஃபிக், டிஸ்கவரி போன்ற சேனல்களுக்குப் படம் செய்தார். நாகர்ஹொளே காட்டைப் பற்றி எடுத்தது அதில் முக்கியமானது. பெயரும் விருதுகளும் வந்தன. தொலைக்காட்சிக்கு என்று ஒரு சமையல் உண்டு. புலி நடக்க வேண்டும், மான் ஓட வேண்டும், குட்டி தடுக்கி விழ வேண்டும். விளம்பர இடைவேளைக்கு முன்னால் ஒரு பதற்றம், கடைசியில் பொன்னிற அந்தி. காட்டின் ஓரத்தில் நடக்கிற சுரங்கத்தையும் ரோட்டையும் அணையையும் ஃப்ரேமுக்கு வெளியே தள்ளிவிட வேண்டும். பார்க்கிறவன் சேனலை மாற்றிவிடுவான். இந்தியக் காடு லண்டனிலும் நியூயார்க்கிலும் சோபாவில் உட்கார்ந்தவர்களின் கண்ணுக்கு விருந்தானது. அந்தக் காட்டை வெட்டலாமா வேண்டாமா என்று கையெழுத்துப் போடுகிற மனிதர்கள் உட்கார்ந்திருந்தது பெங்களூரிலும் டெல்லியிலும். அவர்களுக்கு அந்தப் படத்தை யாரும் காட்டவில்லை.

யாராண்ட காட்டப் போற?

இந்தக் கேள்வியைக் கேட்டுக்கொள்ளத் தேவையே இல்லாத ஒருவர் இதற்கு முன்னால் இருந்தார். மா. கிருஷ்ணன். நாவலாசிரியர் அ. மாதவையாவின் மகன். கறுப்பு வெள்ளையில் யானைகளை எடுத்தவர். 1950 முதல் 1996-ல் இறக்கும் வரை கல்கத்தா 'ஸ்டேட்ஸ்மன்' பத்திரிகையில் விடாமல் பத்தி எழுதியவர். தன் வாசகன் யாரென்று அவருக்குத் தெரியும். காலையில் பேப்பரை விரிக்கிற ஆள். தொலைக்காட்சிப் படம் எடுப்பவருக்கு அந்த வசதி இல்லை. அவருடைய பார்வையாளர் ஒரு எண், அவ்வளவுதான்.

2000-ஐ ஒட்டி சேகர் திசையை மாற்றினார். அப்போது கண்முன் இருந்தது குதிரேமுக்.

கர்நாடகத்தில், சிக்கமகளூர் மாவட்டத்தில், குதிரை முகம்போல் நீண்ட சிகரம்; உயரம் 1,892 மீட்டர். புல்வெளி, மடிப்புகளில் சோலை. இந்தச் 'சோலை' நம் சொல்தான். ஆங்கிலத்துக்குப் போய் 'ஷோலா'வாகி, இப்போது நாமே அதை 'ஷோலா காடு' என்று திருப்பி வாங்கிக்கொண்டிருக்கிறோம். அந்த மலைகளிலிருந்துதான் துங்கா, பத்ரா, நேத்ராவதி மூன்றும் கிளம்புகின்றன. பேய்மழை பெய்கிற இடம். அந்த மழைக்குக் கீழேதான் இரும்புத்தாது இருந்தது.

குதிரேமுக் இரும்புத்தாது நிறுவனம் மத்திய அரசுடையது, 1976-ல் தொடங்கியது. பணம் போட ஒப்புக்கொண்டது ஈரான். 1979-ல் அந்நாட்டு மன்னர் ஷா கவிழ்ந்ததும் ஈரான் விலகிக்கொண்டது. ஆனால் வேலை நிற்கவில்லை. மலையை வெட்டி, தாதுவைப் பொடியாக்கி, தண்ணீரில் கரைத்து, 67 கிலோமீட்டர் குழாயில் மங்களூர்த் துறைமுகத்துக்கு அனுப்பினார்கள். மிச்சக் கழிவைத் தேக்க லக்யா ஓடையின் குறுக்கே பெரிய அணை. இதற்கிடையில் காட்டுயிர் ஆய்வாளர் உல்லாஸ் காரந்த் சிங்கவால் குரங்குகளைக் கணக்கெடுத்துச் சொன்னதன் தொடர்ச்சியாக 1987-ல் அந்த வட்டாரம் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. இவரும் ஒரு நாவலாசிரியர் மகன்தான்; சிவராம காரந்தின் பிள்ளை. எழுத்தாளர் வீட்டுப் பையன்கள் காட்டுக்குப் போவதில் ஏதோ இருக்கிறது. எப்படியோ, ஒரே மலையில் தேசியப் பூங்காவும் சுரங்கமும் ஒண்டுக்குடித்தனம் நடத்தின. 1999-ல் சுரங்கக் குத்தகை முடிந்தது. சுரங்கம் முடியவில்லை. தற்காலிக அனுமதி, அதற்குமேல் இன்னொரு தற்காலிக அனுமதி. நிறுவனம் நீண்ட நீட்டிப்புக் கேட்டது.

பெங்களூரில் 'வைல்ட்லைஃப் ஃபர்ஸ்ட்' என்று ஓர் அமைப்பு. பிரவீண் பார்கவ் அதில் முக்கியமானவர். கே.எம். சின்னப்பா இன்னொருவர், நாகர்ஹொளேயில் ரேஞ்சராக இருந்து, கள்ளவேட்டைக்காரர்களோடு நேருக்கு நேர் மல்லுக்கட்டிய குடகுக்காரர். இவர்கள் சுரங்கத்துக்கு எதிராக இறங்கினார்கள். பிரசாரத்துக்கு ஒரு படம் வேண்டும். நாகர்ஹொளேயை எடுத்த சேகருக்கு இந்த வட்டாரம் புதிதல்ல.

இங்கேதான் கலைஞன் தன் பழைய கையை மறக்க வேண்டியிருந்தது. ஐம்பது நிமிடப் படம் எடுத்துப் பழகியவர். அமைச்சரின் அறையில் யார் ஐம்பது நிமிடம் தருவார்கள்? மாவட்ட அதிகாரி இரண்டு போன் அழைப்புக்கு நடுவே எவ்வளவு நேரம் பார்ப்பார்? ஒரு டீ ஆறுகிற நேரம்தான். படம் 12 நிமிடம் ஆனதில் எனக்கு வியப்பில்லை. கிட்டத்தட்ட அந்த ஒற்றை 16 எம்எம் சுருள் ஓடுகிற நேரம். அதற்குள் எல்லாமே சொல்லியாக வேண்டும். இங்கே என்ன இருந்தது, என்ன செய்தார்கள், தண்ணீர் என்னவாயிற்று, சட்டம் என்ன சொல்கிறது. குட்டி தடுக்கி விழ இடமே இல்லை.

இன்னொரு சாமர்த்தியம், குரங்கைப் பற்றிப் பேசுவதோடு நிற்காமல் ஆற்றைப் பற்றிப் பேசியது. வெட்டிய மலையிலிருந்து மழைக்காலத்தில்தான் மண் இறங்கும்; கோடையில் போனால் பத்ரா தெளிந்து பாவம்போல ஓடும். குற்றத்தைக் காட்ட மழைக்குள்தான் நிற்க வேண்டும், கேமராவுக்குக் குடை பிடித்துக்கொண்டு. பத்ராவின் தண்ணீர் லக்கவள்ளி அணையில் தேங்கி, சிவமொக்கா, தாவணகெரே பக்கத்து வயல்களுக்குப் போகிறது. அணையில் சேறு ஏறினால் அது வனவிலங்கு ஆர்வலரின் கவலையாக மட்டும் இருக்காது. கரும்பும் நெல்லும் போட்டவனின் கவலை. சிங்கவால் குரங்கின் பெயரைக் கேட்டிராத ஆளும் நிமிர்ந்து உட்காருவான்.

2001-ல் 'மைண்ட்லெஸ் மைனிங்' என்ற பெயரில் படம் வந்தது. புத்தியில்லாத சுரங்கம். தலைப்பிலேயே தீர்ப்பை எழுதிவிட்டார். தொலைக்காட்சிக்காரர்கள் இந்தத் தலைப்பை ஏற்றிருக்கவே மாட்டார்கள். இதற்கு அவர்களுடைய அனுமதியும் தேவைப்படவில்லை. அந்தச் சமயத்தில்தான் சிறிய டிஜிட்டல் வீடியோ கேமராக்கள் பரவலாயின. லேபுக்கும் சுருளுக்கும் பணம் கொடுக்க ஒரு சேனல் வேண்டும் என்ற நிலைமை தளர்ந்தது. இந்த மாதிரிப் படங்கள் பிறந்ததில் அந்தச் சின்னக் கேமராவுக்கும் பங்கு உண்டு.

படம் போய்ச் சேர வேண்டிய இடங்களுக்குப் போனது. பத்திரிகைக்காரர்கள், அதிகாரிகள், ஆற்றை நம்பிய ஊர்கள். பிரசாரத்துக்கும் வழக்குக்கும் அது கைகொடுத்தது.

வழக்கு போன பாதையில் நம் ஊர் ஒன்று வருகிறது. நீலகிரி மாவட்டம் கூடலூரில் மரங்கள் வெட்டப்படுவதைப் பார்த்துப் பொறுக்காமல் 1995-ல் உச்ச நீதிமன்றம் போனவர் நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்த டி.என். கோதவர்மன் திருமுல்பாடு. ரிட் மனு 202/1995. கூடலூர் மரத்துக்காகப் போட்ட வழக்கு இந்தியாவின் காடு அத்தனைக்குமான வழக்காக விரிந்து, முடிவில்லாமல் நடந்தது. குதிரேமுக்குக்காகச் சின்னப்பா போட்ட மனுவும் அந்த வழக்கின் கிளையாகவே விசாரிக்கப்பட்டது. 2002 அக்டோபர் 30 அன்று தீர்ப்பு: 2005 முடிவோடு சுரங்கத்தை மூடு.

மூடினார்கள். அரசாங்கமே நடத்திய சுரங்கத்தை ஒரு காட்டுக்காக மூடவைப்பது அடிக்கடி நடக்கிற காரியமா?

படம்தான் மூடியது என்று சொன்னால் அது சினிமாக்காரப் பேச்சு. வக்கீல்கள் இருந்தார்கள், ஆற்றில் மண்ணை அளந்த விஞ்ஞானிகள் இருந்தார்கள், தெருவில் இறங்கிய மலைநாட்டு மக்கள் இருந்தார்கள், சின்னப்பா மாதிரி மலைபோல் நின்ற ஆட்கள் இருந்தார்கள். படம் செய்தது வேறு. நூறு பக்க மனுவில் 'வண்டல்' என்று எழுதியிருந்ததை, காட்டுக்குள் கால் வைத்திராத ஒருவர் தன் மேஜையிலிருந்தே பார்க்கும்படி செய்தது. இன்னொரு பக்கமும் சொல்லிவிட வேண்டும். சுரங்கத்தை நம்பி ஒரு முழு நகரமே இருந்தது. குடியிருப்பு, பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி எல்லாம் இருந்த ஊர் இன்று பாதிக்கு மேல் வெறிச்சோடிக் கிடக்கிறது. அங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைகளுக்கு இந்தக் கதை வேறு மாதிரி முடியும். அவர்களை வைத்தும் ஒருவர் படம் எடுக்கலாம், எடுக்க வேண்டும்.

சேகர் பழைய வழிக்குத் திரும்பவில்லை. ஒடிசாக் கடற்கரையில் இழுவைப் படகு வலைகளில் மூச்சு முட்டிச் சாகும் பங்குனி ஆமைகளைப் பற்றி 2003-ல் ஒரு படம். 2004-ல் ரோலக்ஸ் விருது. நாட்டில் புலி 1,411 என்று 2008-ல் கணக்கு வந்து எல்லோரும் அலறிய பிறகு, 2010-ல் 'தி ட்ரூத் அபவுட் டைகர்ஸ்'. புலி ஏன் குறைகிறது, நீ என்ன செய்யலாம் என்று நேராகப் பேசுகிற படம். அதன் டிவிடியை அவர் இலவசமாகக் கொடுத்தார். விற்றால் வாங்குகிறவன் மட்டும்தானே பார்ப்பான். யாரிடம் காட்டப் போகிறோம் என்று தெரிந்துவிட்டால் விலை வைப்பதா வேண்டாமா என்பதுகூடத் தானாகத் தீர்ந்துவிடுகிறது.

இதெல்லாம் அன்றைக்கு அந்தப் பெரியவரிடம் சொல்லத் தோன்றவில்லை. மாடுகள் வேறு தள்ளிப் போய்க்கொண்டிருந்தன. வேறு வழி தெரியாமல், "உங்ககிட்டயே காட்டறேன் பாருங்க" என்று போனை நீட்டினேன். வெயிலுக்குக் கையால் மறைத்துக்கொண்டு நாற்பது விநாடியையும் முழுசாகப் பார்த்தார்.

"இது நேத்து ராவு தோண்டனது," என்றார். "குட்டியும் இட்டுகினு வந்துருக்குது. அத்த நீ புடிக்கவே இல்லியே."

கம்பால் புற்றின் அடிப்பக்கத்தைத் தொட்டுக் காட்டினார். குனிந்து பார்த்தேன். அம்மாவின் நகக் கோடுகளுக்கு ஒரு சாண் கீழே, தென்னங்குச்சியால் கிழித்த மாதிரி மெல்லிசாக இன்னொரு வரிசை இருந்தது.